அரளி மரத்தடியில் பிள்ளையார்: பெங்களூர்த் தமிழருக்கு மரம், மீன், பாம்புப் பெயர்கள் பிடிபட ஒரு முழு வழிகாட்டி

பெங்களூரில் "அரளி மரத்துப் பக்கத்துல நிறுத்துங்க" என்றால் ஆட்டோக்காரர் ஓர் அரச மரத்தடியில்தான் நிறுத்துவார். மேடை கட்டி, நாகர் கல் நட்டு, பக்கத்தில் பிள்ளையார் இருக்கும் அதே அரசு. கன்னடத்தில் அதன் பெயர் அரளி. நமக்கோ அரளி என்றதும் விதையை அரைத்துக் குடித்த கதைகள்தான் ஞாபகம் வரும். அந்த நச்சுச் செடிக்குக் கன்னடத்தில் கணகிலெ என்று பெயர். பக்கத்து வீட்டுக் கன்னடப் பாட்டி "அரளிக் கொழுந்து நல்லது" என்று சொல்லி, அதைத் தமிழ்க் காதோடு கேட்டுக்கொண்டு யாராவது கஷாயம் வைக்கப் போனால் என்ன ஆகும் என்று நினைத்துப் பாருங்கள்.

இதில் பாட்டி மேலும் தப்பில்லை, நம் மேலும் தப்பில்லை. பொதுப்பெயர் என்பது ஓர் ஊருக்குள் புழங்குவதற்காக உண்டானது. அந்த ஊர் எல்லைவரை அது ஒழுங்காகவே வேலை செய்யும். அல்சூரிலும் சிவாஜிநகரிலும் மர்பி டவுனிலும் இருக்கும் நமக்கு வீட்டில் தமிழ், கடையில் கன்னடம், பிள்ளைகளின் பாடத்தில் ஆங்கிலம், பாக்கெட்டின் மேல் இந்தி. ஒரே கீரை நான்கு பெயரோடு வீட்டுக்குள் வருகிறது. சில நாள் ஒரே பெயரில் இரண்டு கீரையும் வருகிறது. இதைப் பிரித்தறிய வழி இருக்கிறது. ஒவ்வொரு படியாகப் பார்ப்போம்.

முதல் படி: பெயரோடு ஆளையும் ஊரையும் சேர்த்து எழுதுங்கள்

"அது பேரு என்ன?" என்று கேட்டு வரும் பதிலை மட்டும் எழுதி வைத்தால் பாதிதான் எழுதியதாக அர்த்தம். யார் சொன்னது, எந்த மொழியில், அவர் எந்தப் பக்கத்துக்காரர் என்பதும் வேண்டும்.

ரஸ்ஸல் மார்க்கெட் மீன்கடைக்குப் போனால் காரணம் விளங்கும். சென்னைக்காரர் வஞ்சிரம் என்பதைத் தென் தமிழகத்தில் சீலா, நெய்மீன் என்பார்கள். மங்களூரிலிருந்து வந்தவருக்கு அது அஞ்சல். மும்பை வாடிக்கையாளர் சுர்மயி என்று கேட்பார். மத்தி சிலருக்குச் சாளை, மங்களூர்க்காரருக்குப் பூதாயி. பாக்கெட்டில் "இந்தியன் சால்மன்" என்று போட்டிருப்பது நம்முடைய காலா மீன், மும்பையில் ராவஸ். உண்மையான சால்மனுக்கும் அதற்கும் உறவே இல்லை, சால்மன் என்றால் விலை கூடுதலாகச் சொல்லலாம் என்பதைத் தவிர.

ஊர்ப்பெயர் ஒட்டிய பெயர்களில் இன்னும் கவனம் தேவை. தமிழ்நாட்டில் சௌசௌவைப் பெங்களூர் கத்தரிக்காய் என்பார்கள். பெங்களூரில் அந்தப் பெயரைச் சொன்னால் கடைக்காரர் கத்தரிக்காயை எடுத்து வைப்பார். இங்கே அது சீமெ பதனெகாயி, அதாவது சீமைக் கத்தரிக்காய். இரண்டு ஊரும் அது வெளியூர்ச் சரக்கு என்பதில் ஒத்துப்போகின்றன; எந்த ஊர் என்பதில்தான் தகராறு. உண்மையில் அது மெக்ஸிகோ, மத்திய அமெரிக்கப் பக்கத்துக் கொடி. கத்தரிக் குடும்பமும் இல்லை. பூசணி, சுரைக்காயின் குடும்பம். சிங்கப்பூர் செர்ரி என்று ஆங்கிலத்தில் சொல்லும் மரத்தைப் பெங்களூர்ப் பிள்ளைகள் கசகசெ ஹண்ணு மரம் என்பார்கள். பழத்துக்குள் கசகசா மாதிரி விதை. தமிழில் தேன்பழம். அது சிங்கப்பூரில் பிறந்ததும் இல்லை, செர்ரியும் இல்லை. வெப்பமண்டல அமெரிக்காவிலிருந்து வந்தது. மூன்று பெயரில் கசகசெதான் கண்ணால் பார்த்துச் சரிபார்க்கக்கூடிய தகவலைத் தருகிறது. பிள்ளைகள் வைத்த பெயரை நான் எப்போதும் கொஞ்சம் அதிகமாகவே நம்புவேன்.

இரண்டாம் படி: பெயரை இரண்டாகப் பிளந்து பாருங்கள்

தமிழ்ப் பெயர்களில் பெரும்பாலும் ஒரு தலைச்சொல் இருக்கும், அதற்கு முன்னால் ஓர் அடை இருக்கும். நெல்லி, அரைநெல்லி, கீழாநெல்லி. முதலாவது பெரிய மரம், இரண்டாவது சிறு மரம், மூன்றாவது மழைக்குப் பிறகு தரையோரம் முளைக்கும் ஒரு சாண் செடி. உருவத்தில் சம்பந்தமே தெரியாது. ஆனால் தாவரவியலில் மூன்றும் ஃபைலாந்தஸ் என்ற ஒரே பேரினத்தில், அதாவது நெருங்கிய இனங்களின் ஒரே கூட்டத்தில்தான் வைக்கப்பட்டிருக்கின்றன. காய்களைப் பார்த்து யாரோ எப்போதோ சரியாகவே முடிச்சுப் போட்டிருக்கிறார்கள். கன்னடத்திலும் பெட்டத நெல்லி, நெல நெல்லி என்று அதே தலைச்சொல். ஆங்கிலத்தில் இதற்கு வைத்த கூஸ்பெர்ரி என்ற பெயர்தான் தடம் புரண்டது. ஐரோப்பியக் கூஸ்பெர்ரி வேறு குடும்பம்.

எல்லாத் தலைச்சொல்லும் இப்படி நேர்மையாக இருக்காது. காணாங்கெளுத்தியில் கெளுத்தி இல்லை. கெளுத்திக்கு மீசை உண்டு, செதில் கிடையாது. காணாங்கெளுத்தியோ வஞ்சிரத்தின் குடும்பம். மங்களூரில் பங்குடெ, மும்பையில் பாங்டா. கருப்பு வவ்வால் மீன் வெள்ளை வவ்வாலின் தம்பி இல்லை, பாரை மீனின் குடும்பம். இது தெரிந்தால் இரண்டுக்கும் விலையும் ருசியும் ஏன் வேறு என்பது புரியும். மரமல்லி மல்லிகை இல்லை. கன்னடக்காரர்களும் அதை ஆகாச மல்லிகெ என்று சொல்லி நம்மோடு சேர்ந்தே சறுக்குகிறார்கள். வீட்டுக் கூரைக்குள் ராத்திரி தடதடவென்று ஓடும் பிராணியை நாம் மரநாய் என்கிறோம். கன்னடத்தில் புனுகு பெக்கு, அதாவது பூனை. அது நாயும் இல்லை, பூனையும் இல்லை. புனுகு விலங்குகளுக்கென்று தனிக் குடும்பம் இருக்கிறது.

அடைமொழிகளுக்கும் தனித்தனிக் குணம் உண்டு. சீமை என்றால் வெளியிலிருந்து வந்தது. அதை நம்பலாம், எங்கிருந்து என்று மட்டும் கேட்கக் கூடாது. சீமைக் கருவேலம் கன்னடத்தில் பள்ளாரி ஜாலி. ஆனால் பள்ளாரியில், நாம் பெல்லாரி என்னும் ஊரில், பிறந்த மரம் இல்லை, அமெரிக்கக் கண்டத்து மரம். காட்டு என்ற அடை "இதே செடியின் காட்டு வகை" என்று அர்த்தம் தராது. ஆமணக்கும் காட்டாமணக்கும் ஒரே குடும்பம்தான், ஆனால் வேறு வேறு பேரினம். பேய் என்ற அடையை மட்டும் லேசாக எடுத்துக்கொள்ளாதீர்கள். பேய்ச்சுரை, பேய்ப்பீர்க்கு, பேய்ப்புடல் என்று முன்னோர் வைத்ததெல்லாம் கசப்பு வகைகளுக்கு. கசந்த சுரைக்காயைச் சாறு பிழிந்து குடித்து இந்தியாவில் உயிரிழப்பே நடந்திருக்கிறது. நாட்டுச்சுரை என்று வாங்கியதே கசந்தாலும் துப்பிவிட்டு முழுக் காயையும் குப்பையில் போட வேண்டியதுதான்.

மூன்றாம் படி: கன்னடத்துக்குத் தாண்டும் வாசல்

இது பெங்களூர்த் தமிழருக்கு மட்டும் கிடைத்த வசதி. கன்னடம் நம் மொழிக்கு நெருங்கிய உறவு. எழுத்துகள் ஓர் ஒழுங்கோடுதான் மாறியிருக்கின்றன. மூன்றே மாற்றங்களை மனதில் வைத்தால் பாதிச் சந்தை திறந்துவிடும்.

சொல்லின் முதலில் வரும் நம் 'ப' அங்கே 'ஹ' ஆகும். பாம்பு ஹாவு, புலி ஹுலி, பன்றி ஹந்தி, பல்லி ஹல்லி, பூ ஹூவு. காய்கறியில் பாகல் ஹாகல, பீர்க்கை ஹீரெ, பலா ஹலசு. மரத்தில் புங்கை ஹொங்கெ, கீரையில் பொன்னாங்கண்ணி ஹொன்னகொன்னெ. குளிர்காலத்தில் பெங்களூர் முழுக்க மணக்கும் ஹிதுகித பேளெயும் இதில் அடக்கம். ஊறவைத்து, தோலைப் பிதுக்கி எடுத்த பிதுக்கம்பருப்பு. ஹிதுகு என்பதில் நம் பிதுக்கு அப்படியே இருக்கிறது.

நம் 'வ' அங்கே அழுத்தமான 'ப' ஆகும், பம்பாய் என்னும்போது வரும் 'ப'. வேம்பு பேவு, வாழை பாளெ, வெண்டை பெண்டெ, வெள்ளுள்ளி பெள்ளுள்ளி, வௌவால் பாவலி.

மூன்றாவது, செ, சே போன்ற இடங்களில் அங்கே 'க' வரும். செம்போத்து கெம்பூத. சாரைப்பாம்பு கேரெ ஹாவு. செம்போத்தை ஆங்கிலத்தில் பழைய ஆட்கள் குரோ ஃபெசன்ட் என்பார்கள். அது காக்கையும் இல்லை, காட்டுக்கோழியும் இல்லை, குயில் குடும்பத்துப் பறவை. தமிழ்நாட்டின் சில பகுதிகளில் அதே பறவைக்குச் செண்பகம் என்று பெயர். இங்கே செண்பகம் என்றால் மல்லேஸ்வரம் சம்பிகெ ரோட்டில் இருக்கும் சம்பிகெப் பூதான் எல்லோருக்கும் தோன்றும்.

மாற்றமே இல்லாதவையும் உண்டு. மைசூர் ரோட்டைத் தாண்டி ராமோஹள்ளிப் பக்கம் ஏக்கர் கணக்கில் படர்ந்து நிற்கும் தொட்ட ஆலத மர, நம் ஆலமரமேதான். அத்தியும் அத்தியே.

இவ்வளவு பழகியதும் தைரியம் வந்துவிடும். அப்போதுதான் அரளி மாதிரிப் பெயர்கள் காலை வாரும். எழுத்து ஒன்றாக, பொருள் வேறாக இருப்பவற்றைத் தனிப் பக்கத்தில் குறித்து வையுங்கள். நாம் அவரை என்றால் தட்டையான காயைத் தோலோடு நறுக்கிப் பொரியல் செய்வோம். பெங்களூரில் அவரெகாயி என்றால் உரித்து உள்ளே இருக்கும் கொட்டையைச் சாப்பிடும் சரக்கு, நமக்கு மொச்சை. செடியின் அறிவியல் பெயர் இரண்டுக்கும் லாப்லாப் பர்பியூரியஸ்தான். ஆகவே இரண்டும் ஒரே இனம். வளர்க்கும் ரகமும் தின்னும் பாகமும் வேறு. பசலையில் இதற்கு நேர் எதிர்க் கதை. பசளெ சொப்பு என்று இங்கே விற்பது தடித்த, வழவழப்பான கொடிப்பசலை. பாலக் வேறு குடும்பத்துக் கீரை. ஆங்கிலம் இரண்டையும் ஸ்பினாச் என்று ஒரே சாக்கில் கட்டிவிடுவதால், ஆங்கிலக் குறிப்பைப் பார்த்துச் சமைப்பவர்கள் பாலக் பன்னீரைக் கொழகொழ என்று ஆக்கிவிட்டு உட்கார்ந்திருப்பார்கள்.

பூக்கடையில் மல்லி என்று கேட்டால் பிரச்சினை இல்லை. கீரைக்காரரிடம் மல்லி என்று கேட்காதீர்கள், கொத்தம்பரி என்று கேளுங்கள். செவ்வந்தி சேவந்திகெ. செண்டு ஹூவு என்றால் துலுக்கச் சாமந்தி. கே.ஆர். மார்க்கெட்டுக்கு இது போதும்.

நான்காம் படி: பெயரை மறந்துவிட்டு பொருளைப் பாருங்கள்

பெயர் கையில் இருந்தால் கண் சோம்பேறியாகிவிடும். மரமானால் முழு உருவம், பட்டை, இலையின் மேல்பக்கம், அடிப்பக்கம், கிளையில் இலை எதிரெதிரா மாறி மாறியா, பூ, காய் என்று தனித்தனியாகப் படம் எடுங்கள். பூவை மட்டும் எடுத்த படம் கல்யாண ஆல்பத்துக்குத்தான் உதவும். பறவையானால் அலகு, வால் நீளம், குரல். மீனானால் செதில், துடுப்பு, வால் பிளவு. துண்டு போட்ட பிறகு மீனைக் கண்டுபிடிப்பது கடினம். முழு மீனாகப் பார்த்து வாங்குங்கள்.

பழகுவதற்கு இந்த ஊர் நல்ல இடம். 1760இல் ஹைதர் அலி தொடங்கிய லால்பாகில் பல மரங்களில் பெயர்ப் பலகை இருக்கிறது. பின்னாளில் அதை நிர்வகித்த ஜெர்மானியர் கிரும்பிகல், ஒரு மரம் பூத்து ஓய்ந்ததும் அடுத்தது பூக்கும்படி தெருக்களில் மரம் நட யோசனை சொன்னவர். அதனால் மாதத்துக்கு ஒரு பெயர்க் குழப்பமும் நமக்கு உறுதி. இளஞ்சிவப்பாகத் தெருவை நிறைத்துப் பூக்கும் மரத்தை "பெங்களூர் செர்ரி பிளாசம்" என்று எல்லோரும் படம் போடுகிறார்கள். அது டபேபுயா ரோசியா, அமெரிக்க வெப்பமண்டல மரம். ஜப்பானியச் செர்ரி ரோஜாக் குடும்பம். ஃபிளேம் ஆஃப் த ஃபாரஸ்ட் என்ற ஆங்கிலப் பெயரைக் குல்மோகருக்கும், ஆப்பிரிக்கத் துலிப்புக்கும், நம் புரசுக்கும் இஷ்டம்போல வைக்கிறார்கள். உரியது புரசுக்கு, கன்னடத்தில் முத்துக.

அபார்ட்மென்ட் வாசலில் வரிசையாகக் கம்பம்போல் நிற்கும் மரத்தை எல்லோரும் அசோகா என்பார்கள். அது நெட்டிலிங்கம். உண்மையான அசோகம் பரந்து கிளை விட்டு, தண்டோடு ஒட்டி ஆரஞ்சு நிறக் கொத்தாகப் பூக்கும். அசோகப் பட்டை என்று மருந்துக்குத் தேடுகிறவர்களுக்கு இந்த வித்தியாசம் சின்ன விஷயம் இல்லை. பால்கனித் தொட்டியில் கூடு கட்டும் குட்டிப் பறவையை "ஹம்மிங்பேர்ட்" என்று பக்கத்து வீட்டில் சொன்னால் சண்டைக்குப் போக வேண்டாம். ஹம்மிங்பேர்ட் அமெரிக்கக் கண்டங்களில் மட்டும்தான் உண்டு, இது தேன்சிட்டு என்று சொல்லுங்கள். வானத்தில் வட்டமிடுவதையெல்லாம் கழுகு என்று சொல்வதையும் விட்டுவிடலாம். வால் நுனியில் பிளவுள்ள பழுப்புப் பறவை கரும்பருந்து. வெள்ளைத் தலையும் செங்கல் நிற உடலும் இருந்தால் செம்பருந்து, நாம் கன்னத்தில் போட்டுக்கொள்ளும் கருடன். பிணந்தின்னிக் கழுகான பாறுவைப் பார்க்க ராமநகரத்துப் பாறைகள்வரை போக வேண்டும்.

ஐந்தாம் படி: அறிவியல் பெயரைப் பிடியுங்கள், அதையும் சாமியாக்காதீர்கள்

ஸ்வீடன் நாட்டு லின்னேயஸ் தாவரங்களுக்கு 1753இலும் விலங்குகளுக்கு 1758இலும் வெளியிட்ட நூல்களிலிருந்துதான் இன்றைய இருசொல் பெயர்முறை கணக்கெடுக்கப்படுகிறது. முதல் சொல் பேரினம், இரண்டாவது இனம். அரசு ஃபைக்கஸ் ரிலிஜியோசா, ஆல் ஃபைக்கஸ் பெங்காலென்சிஸ், அத்தி ஃபைக்கஸ் ரேசிமோசா. முதல் சொல் ஒன்றாக இருப்பதால் மூன்றும் நெருங்கிய சொந்தம் என்று பார்த்தவுடன் தெரிகிறது. இரண்டாவது சொல்லை மட்டும் தனியாகத் தேடினால் எதுவும் கிடைக்காது. இண்டிகா என்று முடியும் பெயர்கள் ஏராளம். நமக்கு அந்நியமாகப் படும் இந்தப் பெயர்களுக்குள் நம் சொற்களும் இருக்கின்றன. மொரிங்காவில் முருங்கை, பொங்காமியாவில் புங்கம்.

தேடும் வழி எளிது. தமிழ் விக்கிப்பீடியாவில் கட்டுரையைத் திறந்து, மொழிப் பட்டியலில் கன்னடத்துக்கும் ஆங்கிலத்துக்கும் தாவினால் ஒரே உயிருக்கு மூன்று மொழிப் பெயரும் கிடைத்துவிடும். படம் மட்டும் இருந்தால் உயிரினங்களை அடையாளம் காண உதவும் ஐநேச்சுரலிஸ்ட் இணையதளத்தில் ஏற்றுங்கள். மனிதர்கள் பார்த்துச் சொல்வார்கள். கூகுள் லென்ஸ் முதல் யூகத்துக்குச் சரி. அது சொல்லும் உயிரினம் கர்நாடகத்தில் உண்டா என்று பார்க்காமல் நம்ப வேண்டாம்.

அறிவியல் பெயர் மாறும் என்பதையும் தெரிந்து வையுங்கள். நெட்டிலிங்கம் பாலியால்தியாவிலிருந்து மோனூன் ஆகிவிட்டது. ஆலும் வேலும் பல்லுக்குறுதி என்கிறோமே, அந்தக் கருவேலம் வெகுகாலம் அக்கேசியா. மரபணு ஆய்வில் அந்தப் பேரினம் பலவாகப் பிரிந்தபோது பழைய பெயர் யாருக்கு என்று பெரிய சண்டை நடந்தது. 2005இல் வியன்னாவிலும் 2011இல் மெல்போர்னிலும் கூடிய தாவரவியல் மாநாடுகளில் அது ஆஸ்திரேலிய மரங்களுக்கே போய்விட்டது. நம் கருவேலம் இப்போது வாச்செலியா. கருவேலம் என்று சொல்லிக்கொண்டிருந்தவர்களுக்கு ஒன்றும் மாறவில்லை. இன்னொரு பக்கம், ஓர் அறிவியல் பெயருக்கு ஒரு காய் என்றும் கிடையாது: முட்டைகோஸ், காலிஃபிளவர், இங்கே நவிலுகோசு எனப்படும் நூல்கோல் மூன்றும் பிராசிக்கா ஒலரேசியா.

ஆறாம் படி: உடம்புக்குள் போவதும், உடம்பைக் கடிப்பதும்

தின்பது, மருந்து, கடி இந்த மூன்றிலும் பொதுப்பெயரோடு நிற்கக் கூடாது. பிரம்மி என்ற பெயரில் வல்லாரையும் விற்பனையாகிறது, நீர்ப்பிரம்மியும் விற்பனையாகிறது. ஒன்று சென்டெல்லா, மற்றது பக்கோப்பா. கன்னடத்தில் வல்லாரைக்கு ஒந்தெலக என்ற தெளிவான பெயர் இருக்கும்போது அப்படியே கேட்பது நல்லது. பொட்டலத்தில் அறிவியல் பெயர் அச்சாகியிருக்கிறதா என்று பாருங்கள். இல்லாவிட்டால் அந்த மருந்தை வாங்காமல் இருப்பதே என் கட்சி. மணத்தக்காளிக்கு ஆங்கிலத்தில் பிளாக் நைட்ஷேட் என்று படித்துவிட்டுப் பயப்படுகிறவர்களும் உண்டு. பயமுறுத்தும் டெட்லி நைட்ஷேட் அட்ரோப்பா. நம் கீரை சொலானம், கத்தரியும் தக்காளியும் சேர்ந்த பேரினம்.

பாம்பில் தலைச்சொல் செய்யும் துரோகம் பெரிது. கட்டுவிரியன் பெயரில்தான் விரியன், குடும்பம் நாகப்பாம்பினுடையது. கண்ணாடிவிரியன் கடித்தால் வலியும் வீக்கமும் உடனே காட்டிக்கொடுக்கும். கட்டுவிரியன் பெரும்பாலும் ராத்திரி, தூக்கத்தில் கடிக்கும். வலி அதிகம் இருக்காது, நரம்பைத்தான் தாக்கும். "வீங்கவே இல்லையே, விரியனா இருக்காது" என்று காலையில் பார்த்துக்கொள்ளலாம் என இருப்பது ஆபத்து. அதே வரி போட்ட விஷமில்லாத வெள்ளிக்கோல் வரையனும் வீடுகளுக்குள் வரும். வித்தியாசம் கண்டுபிடிக்கும் வேலை உங்களுடையது இல்லை. பாம்பை அடித்து எடுத்துப் போகவோ, பெயர் தெரியும்வரை காத்திருக்கவோ வேண்டாம். இந்தியாவில் தரும் விஷமுறிவு மருந்து நாகம், கட்டுவிரியன், கண்ணாடிவிரியன், சுருட்டைவிரியன் நான்குக்கும் சேர்த்தே செய்யப்பட்டது. கடிபட்ட காலையோ கையையோ அசைக்காமல், கட்டுப் போடாமல், கீறாமல், 108ஐக் கூப்பிட்டு ஆஸ்பத்திரிக்குப் போங்கள். டாக்டரிடம் பெயரைச் சொல்வதைவிட நேரத்தையும் அறிகுறிகளையும் சொல்லுங்கள்.

குறிப்பேட்டில் எப்படி எழுதுவது

ஒரு பதிவு இப்படி இருந்தால் போதும்: "தேவாங்கு. கன்னடத்தில் காடு பாப, காட்டுக் குழந்தை. லோரிஸ் லிடெக்கெரியானஸ், பழைய புத்தகத்தில் லோரிஸ் டார்டிகிரேடஸ் என்று இருக்கும். பெங்களூரில் இந்திய அறிவியல் கழக வளாகத்து மரங்களில் உண்டு. சொன்னவர்: கன்னடக்காரர், தும்கூர்ப் பக்கம்." அதன் கீழே, உங்கள் வீட்டுப் பெரியவர்கள் வேறு பெயர் சொன்னால், அவர்கள் வேலூரா தர்மபுரியா திருநெல்வேலியா என்று ஊரோடு சேர்த்து எழுதுங்கள். ஐநேச்சுரலிஸ்டில் ஓர் உயிரினத்துக்குத் தமிழ்ப் பெயர் இல்லாவிட்டால் நீங்களே சேர்க்கலாம். சேர்க்கும்போது பத்திரிகைக்காகப் புதிதாக மொழிபெயர்த்த பெயரை விட்டுவிட்டு, யாராவது வாயில் புழங்கும் பெயரைப் போடுங்கள்.